தாராளவாதமும் அதைக் கேள்வி கேட்டவர்களும்: சேலம் வாசிப்பு வட்டத்தில் திரும்பத் திரும்ப வந்த கேள்விகள்

செவ்வாய்ப்பேட்டையில் ஒரு வீட்டு மாடியில் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடி அரசியல் தத்துவம் வாசிக்கிறோம். தறிக்காரர்கள் இரண்டு பேர், கல்லூரி மாணவிகள், ஒரு வக்கீல், தபால் ஆபீஸிலிருந்து ஓய்வு பெற்ற ஒருவர், ஏற்காட்டிலிருந்து இருபது கொண்டை ஊசி வளைவுகளும் இறங்கி பஸ்ஸில் வரும் ஒரு பெண் என்று பத்துப் பன்னிரண்டு பேர் சேருவோம். புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். இத்தனை நாள் வாயால் சொல்லி வந்த பதில்களை இங்கே எழுதி வைக்கிறேன். என் சாய்வு இவற்றில் தெரியும். அதை மறைக்க நான் முயலவில்லை.

தாராளவாதம் என்றால் 1991இல் வந்த தாராளமயமாக்கல்தானே?

இல்லை. முதலில் கேட்கப்படுவது எப்போதும் இதுதான், அதனால் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன். 1991இல் வந்தது இறக்குமதி, தொழில் உரிமம், அந்நிய முதலீடு ஆகியவற்றின் மேலிருந்த கட்டுப்பாடுகளைத் தளர்த்திய பொருளாதாரக் கொள்கை. தாராளவாதம் அதைவிட முந்நூறு ஆண்டு மூத்தது. அரசன் சொன்ன மதத்தைத்தான் குடிமக்கள் பின்பற்ற வேண்டுமா, ஆளுகிறவனுக்கு அந்த அதிகாரம் எங்கிருந்து வந்தது என்று 17ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் எழுந்த கேள்வியில் அது பிறந்தது. ஜான் லாக் 1689இல் எழுதியதை அதன் தொடக்கமாகச் சொல்வது வழக்கம். இரண்டுக்கும் ஒரே ஆங்கில வேர்ச்சொல் என்பதால் தமிழில் இரண்டும் ‘தாராள’ என்று தொடங்குகின்றன. குழப்பம் அங்கேதான்.

இந்தச் சொல்லுக்கும் எங்கள் ஊருக்கும் ஒரு தொடர்பு உண்டு. 1916இல் சென்னையில் தொடங்கிய நீதிக்கட்சியின் முறையான ஆங்கிலப் பெயரில் ‘லிபரல்’ இருந்தது. தமிழில் அது தென்னிந்திய நல உரிமைச் சங்கம். தாராளம் என்று போடாமல் ‘நல உரிமை’ என்று போட்டிருக்கிறார்கள். என் கணக்கில் அதுதான் மேலான மொழிபெயர்ப்பு. தாராளம் என்பது கொடுக்கிறவர் மனசைப் பற்றிய சொல். உரிமை என்பது கேட்கிறவர் பக்கத்துச் சொல். 1944 ஆகஸ்ட் 27 அன்று சேலம் மாநாட்டில் அந்தப் பெயர் போய், கட்சி திராவிடர் கழகம் ஆனது. பட்டங்களையும் பதவிகளையும் பிடித்துக்கொண்டிருந்த பெரிய மனிதர்களின் கட்சியை மக்கள் இயக்கமாக்கும் தீர்மானங்கள் அன்றைக்கு அண்ணாதுரையின் பெயரில் நிறைவேறின.

சரி, சுருக்கமாக அது என்னதான் சொல்கிறது?

அரசியலின் அலகு தனி மனிதர். குலமோ மதமோ ஊரோ அந்த அலகு ஆகாது. ஒருவர் வாழ்க்கையில் அரசோ மற்றவர்களோ தலையிட்டால், தலையிடுகிறவர்தான் காரணம் காட்ட வேண்டும். எது நல்ல வாழ்க்கை என்பதில் அரசு யாருடைய கட்சியும் எடுக்கக் கூடாது. இந்த மூன்றாவதில்தான் மிக அதிகமான சண்டை.

மற்றவருக்குத் தீங்கு இல்லாதவரை எதையும் செய்யலாம் என்றால், மதுவிலக்கு தப்பா?

சேலத்துக்காரர் கேட்க வேண்டிய கேள்வி இது. இந்தியாவில் ஒரு மாகாண அரசு மதுவிலக்கை முயன்று பார்த்த முதல் இடங்களில் ஒன்று இந்த மாவட்டம். சேலத்தில் வக்கீலாகவும் நகராட்சித் தலைவராகவும் இருந்த ராஜாஜி, சென்னை மாகாணப் பிரதமரானதும் 1937 அக்டோபர் 1 அன்று இங்கேதான் அதைத் தொடங்கினார். கள், சாராய வருமானம் போன பள்ளத்தை நிரப்ப 1939இல் விற்பனை வரி வந்தது. அதே ராஜாஜிதான் 1959இல் சுதந்திராக் கட்சியைத் தொடங்கி, எதற்கெடுத்தாலும் பெர்மிட், லைசென்ஸ், கோட்டா என்று அரசு தலையிடுவதை எதிர்த்தார். அரசு வியாபாரத்தில் கை வைக்கக் கூடாது, குவளையில் கை வைக்கலாம் என்பது அவர் நிலை.

ஜான் ஸ்டூவர்ட் மில் இதற்கு நேர் எதிர்ப் பக்கம். 1859இல் அவர் எழுதிய சுதந்திரம் பற்றிய நூலில், அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்து மதுவிலக்குச் சட்டத்தைப் பெயர் சொல்லியே கண்டிக்கிறார். விற்பதைத் தடுப்பது வாங்குகிறவரின் சுதந்திரத்தைத்தான் தடுக்கிறது என்பது அவர் வாதம். குடித்துவிட்டுப் பிள்ளைகளைப் பட்டினி போட்டால் தண்டியுங்கள், ஆனால் கடமை தவறியதற்காகத் தண்டியுங்கள், குடித்ததற்காக அல்ல என்கிறார்.

இதை வாசித்த அன்று தறிக்காரர் ஒருவரின் மனைவி வந்திருந்தார். “கடமை தவறினதுக்கு அப்புறம் தண்டிக்கிறதுன்னா, அதுக்குள்ள எத்தனை ராத்திரி போயிருக்கும்?” என்று கேட்டார். மில்லை வைத்து இதற்குப் பதில் சொல்ல முடியும்; ஆனால் எளிதாக முடியாது. தீங்கு யாருக்கு என்ற கோட்டைக் குடிக்கிறவர் ஓரிடத்தில் போடுகிறார், அடுப்படியில் இருக்கிறவர் வேறிடத்தில் போடுகிறார். மில்லின் கொள்கை சரியான கேள்வியைத்தான் கேட்கிறது. பதில் சொல்லும் உரிமையை யாரிடம் கொடுக்கிறோம் என்பதுதான் மிச்சமிருக்கும் வேலை. 1971இல் தமிழ்நாட்டில் மதுவிலக்குத் தளர்ந்தது. 2003 முதல் சில்லறை விற்பனையையே அரசு எடுத்துக்கொண்டது. ஆக, இன்றைக்கு அரசு தலையிடுகிறதா என்ற கேள்வி போய், அரசே ஏன் விற்கிறது என்ற கேள்வியில் நிற்கிறோம்.

மில் கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை பார்த்தவர்தானே? அவரிடம் நாம் ஏன் சுதந்திரம் படிக்க வேண்டும்?

1823 முதல் 1858 வரை, முப்பத்தைந்து ஆண்டு. கம்பெனி ஆட்சி முடிந்ததற்கு அடுத்த ஆண்டு அந்த நூல் வருகிறது. முன்னேறாத சமூகங்களுக்கு இந்தக் கொள்கை பொருந்தாது, அவர்களை முன்னேற்றுவதுதான் நோக்கம் என்றால் அடக்கி ஆளலாம் என்று அதன் தொடக்கத்திலேயே எழுதி வைத்திருக்கிறார். 1792இல் திப்புவிடமிருந்து கம்பெனி கைக்கு வந்த சேலமும் அந்த விலக்குக்குள்தான் வரும். தாராளவாதம் பேரரசோடு கைகோத்து வளர்ந்தது என்று உதய் சிங் மேத்தா 1999இல் நூலாகவே எழுதினார். அதில் பெரும் பகுதி எனக்கு ஒப்புதல்.

ஆனாலும் மில்லைத் தூக்கிப் போட மாட்டேன். எல்லோருக்கும் என்று சொல்லிவிட்டு நம்மை விலக்கியது அவர் தவறு. அந்த ‘எல்லோருக்கும்’ என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் காலனி நாடுகளில் விடுதலை கேட்டார்கள். ‘இன ஒப்பந்தம்’ என்று 1997இல் எழுதிய கறுப்பினத் தத்துவ அறிஞர் சார்ல்ஸ் மில்ஸும் இதையே வேறு வழியில் செய்தார். எல்லோரும் சேர்ந்து ஒப்புக்கொண்டதால்தான் ஆட்சிக்கு அதிகாரம் என்று தாராளவாதம் சொல்லும் சமூக ஒப்பந்தம் உண்மையில் வெள்ளையர்கள் தங்களுக்குள் போட்டுக்கொண்டது என்று காட்டிவிட்டு, பிற்பாடு அதைக் கைவிடாமல் திருத்தி எடுக்க வேண்டும் என்று வாதாடினார்.

யாரும் தடுக்கவில்லை என்றால் நான் சுதந்திரமாக இருக்கிறேன் என்று அர்த்தமா?

இந்தக் கேள்விக்கு நான் எப்போதும் அதிக நேரம் எடுத்துக்கொள்வேன். ஐசாயா பெர்லின் 1958இல் ஆக்ஸ்போர்டில் ஒரு சொற்பொழிவில் சுதந்திரத்தை இரண்டாகப் பிரித்தார். குறுக்கே யாரும் நிற்காதது ஒன்று. என்னை நானே ஆள்வது மற்றொன்று. இரண்டாவது ஆபத்தானது என்று அவர் பயந்தார். உன் உண்மையான விருப்பம் உன்னைவிட எனக்குத்தான் தெரியும் என்று ஒரு கட்சியோ தலைவரோ சொல்லிவிட்டால், அடக்குமுறைக்கே விடுதலை என்று பெயர் வைத்துவிடலாம். ஸ்டாலினின் காலத்தைக் கண்ட தலைமுறை அது, அந்தப் பயத்துக்குக் காரணம் இருந்தது.

பிலிப் பெட்டிட் 1997இல் மூன்றாவதாக ஒன்றைச் சொன்னார். பழைய ரோமானியக் குடியரசுச் சிந்தனையிலிருந்து அவர் எடுத்தது. ஓர் அடிமைக்கு நல்ல எஜமான் வாய்த்திருக்கிறான். அடிப்பதில்லை, தடுப்பதில்லை. பெர்லினின் முதல் அளவுகோலில் அந்த அடிமைக்குக் குறுக்கே யாரும் இல்லை. ஆனால் எஜமான் நினைத்தால் நாளைக்கே தடுக்கலாம். அந்த ‘நினைத்தால்’ இருக்கும்வரை அவன் சுதந்திரமானவன் இல்லை.

இதைப் படித்தபோது எனக்கு எங்கள் வீடுதான் நினைவுக்கு வந்தது. அம்மாப்பேட்டையில் அப்பா குழித்தறியில் பட்டு நெய்தார். முதலாளியிடம் முன்பணம் வாங்கியிருந்தார். அந்த முதலாளி நல்லவர். ஒரு நாளும் சத்தம் போட்டதில்லை, தீபாவளிக்குப் பலகாரம் அனுப்புவார். சனிக்கிழமை கணக்கு முடித்து அப்பா வீட்டுக்கு வந்ததும், எவ்வளவு கிடைத்தது என்று அம்மா கேட்க மாட்டார். “முகம் எப்படி இருந்துச்சு?” என்றுதான் கேட்பார். முகம் சரியாக இருந்தால் அடுத்த வாரத்துக்குப் பாவு, அதாவது தறியில் ஏற்றும் நெடுக்கு நூல், வரும். பெட்டிட் சொல்லும் அடிமைத்தனமும், அது இல்லாத சுதந்திரமும் அந்த ஒரு கேள்வியில் இருக்கின்றன. யார் முகத்தையும் பார்த்துப் பிழைக்க வேண்டாத நிலைக்குத்தான் அவர் சுதந்திரம் என்று பேர் வைக்கிறார். பெரியார் 1925இல் எடுத்த ‘சுயமரியாதை’ என்ற சொல்லும் அதே இடத்தைத்தான் தொடுகிறது என்று நினைக்கிறேன். லிபரல் என்ற பெயரைவிட அந்தச் சொல்லுக்கு நம் ஊரில் வேர் பிடித்ததற்குக் காரணமும் அதுதான்.

ரால்ஸின் ‘அறியாமைத் திரை’யை எளிதாக விளக்க முடியுமா?

பாகப்பிரிவினையை வைத்துச் சொல்லலாம். எங்கள் பக்கம் அண்ணன் பங்கு பிரிப்பார், தம்பி முதலில் எடுப்பார். எந்தப் பங்கு தனக்கு வரும் என்று தெரியாததால் அண்ணன் நேர்மையாகப் பிரிப்பார். ஜான் ரால்ஸ் 1971இல் வெளியிட்ட நீதிக் கோட்பாட்டில் இந்த யோசனையைக் கடைசிவரை கொண்டு போனார். ஒரு சமூகத்தின் விதிகளை எழுத உட்காருகிறீர்கள். ஆனால் நீங்கள் பணக்காரரா ஏழையா, ஆணா பெண்ணா, என்ன மதம், எவ்வளவு திறமை என்று எதுவும் உங்களுக்குத் தெரியாது. அப்போது என்ன விதி எழுதுவீர்கள்? அடிப்படைச் சுதந்திரங்கள் எல்லோருக்கும் சமம் என்பீர்கள். வாய்ப்புகள் நிஜமாகவே எல்லோருக்கும் எட்ட வேண்டும் என்பீர்கள். ஏற்றத்தாழ்வு இருந்தால் அது கடைசியில் இருப்பவரின் நிலையை உயர்த்துவதாக இருக்க வேண்டும் என்பீர்கள். ரால்ஸின் முடிவுகள் இவை.

நம் பாகப்பிரிவினையில் ஒரு குறை உண்டு. அண்ணன் தம்பி மட்டும்தான் திண்ணையில் உட்கார்ந்திருப்பார்கள். அக்கா தங்கை உள்ளே காபி போட்டுக்கொண்டிருப்பார்கள். பிரிக்கிறவருக்குத் தான் அண்ணனா தம்பியா என்பது மட்டுமல்ல, தான் தங்கையா என்பதும் தெரியக் கூடாது என்று ரால்ஸின் திரையைப் போட்டுப் பாருங்கள். பங்கு அப்படியே மாறிவிடும். கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் சம உரிமை என்று தமிழ்நாடு 1989இல் சட்டம் கொண்டு வந்தது. மத்தியச் சட்டம் அந்த இடத்துக்கு வர 2005 ஆனது.

ரால்ஸின் வாழ்க்கையில் ஒரு செய்தியையும் சொல்லிவிடுகிறேன். சிறுவயதில் அவருக்குத் தொண்டை அடைப்பான் வந்தது. அது தொற்றித் தம்பி ஒருவர் 1928இல் இறந்தார். அடுத்த ஆண்டு அவரிடமிருந்து தொற்றிய நிமோனியாவில் இன்னொரு தம்பியும் இறந்தார். அவர் பிழைத்துக்கொண்டார். யாருக்கு என்ன கிடைக்கிறது என்பதில் அதிர்ஷ்டத்துக்கு எவ்வளவு பங்கு என்று வாழ்நாள் முழுக்க யோசித்தவரிடம் இந்தக் கதை இருந்தது எனக்கு ஆச்சரியமாக இல்லை.

உழைத்துச் சேர்த்ததை அரசு எடுத்துப் பிறருக்குக் கொடுப்பது நியாயமா?

நியாயமில்லை என்று சொன்னவர்களில் ராபர்ட் நோசிக் கூர்மையானவர். 1974இல் ரால்ஸுக்குப் பதில் சொல்லவே எழுதினார். ஒரு பொருள் உங்களுக்கு நேர்மையாக வந்திருந்தால், நேர்மையாகக் கைமாறியிருந்தால், அது உங்களுடையது. கடைசியில் யாரிடம் எவ்வளவு சேர்ந்தது என்பது பொருட்டில்லை. ஊரில் எல்லோருக்கும் சமமாகப் பணம் கொடுங்கள். ஒரு கபடி வீரரைப் பார்க்க ஆளுக்குப் பத்து ரூபாய் விருப்பத்தோடு தருகிறார்கள் என்று வையுங்கள். சாயங்காலமே சமத்துவம் போய்விடும். அதைத் திரும்பச் சமன் செய்ய நினைத்தால் மக்கள் விரும்பிச் செய்ததில் கை வைத்தாக வேண்டும். அவர் சொன்னது அமெரிக்கக் கூடைப்பந்து வீரர் வில்ட் சேம்பர்லினை வைத்து.

நோசிக்கை வலதுசாரி என்று ஒதுக்கிவிடுகிறவர்கள் அவருடைய மூன்றாவது விதியை மறந்துவிடுகிறார்கள். முதலில் வந்த விதமே அநியாயம் என்றால் அதைச் சரிசெய்ய வேண்டும் என்று அவரே எழுதியிருக்கிறார். ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலைக்கு இதைப் பொருத்திப் பாருங்கள். சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் 1820களில் அங்கே காபியைக் கொண்டு வந்தார். அப்புறம் ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் வந்தார்கள். அதற்கு முன்பே அங்கே மக்கள் இருந்தார்கள். காடு யாருடையது, அதைக் கொடுக்கும் உரிமை கம்பெனிக்கு எங்கிருந்து வந்தது? நோசிக்கின் நூலைக் கையில் வைத்துக்கொண்டே இதைக் கேட்கலாம்.

எட்டு வழிச்சாலைக்கு நிலம் தர மறுத்த விவசாயிகள் தாராளவாதிகளா?

சேலம்–சென்னை, 277 கிலோமீட்டர், 2018இல் அறிவிப்பு வந்தது. 2019 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் நில எடுப்பு அறிவிக்கைகளை ரத்து செய்தது. 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அரசு மேற்கொண்டு செல்லலாம் என்றது. சொத்துரிமை 1978இல் 44ஆவது திருத்தத்தோடு அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து போய்விட்டது. இப்போது 300ஏ பிரிவின்படி அது சட்டப்படியான உரிமை மட்டும்.

என்னைக் கவர்ந்தது அவர்கள் பேசிய மொழி. வயலில் நின்று, “இது எங்க பாட்டன் மண்ணு, விலைக்கு இல்லை” என்றார்கள். வழக்கில் பேச முடிந்ததோ அறிவிக்கையின் முறை, சுற்றுச்சூழல் அனுமதி எப்போது வாங்க வேண்டும் என்பவைதான். அமெரிக்கத் தத்துவ அறிஞர் மைக்கேல் சாண்டெல் தாராளவாதத்தின் மேல் வைக்கும் பெரிய குற்றச்சாட்டு இது. மக்கள் எதற்காக உயிரைக் கொடுக்கிறார்களோ அதைச் சபையில் சொல்ல அது இடம் தராது, நடைமுறையை மட்டும் பேசச் சொல்லும். அவர் சொல்வது சரி. அதே வேளையில், பாட்டன் மண் என்று சொல்லும் வயலில் பட்டா இல்லாமல் மூன்று தலைமுறை கூலி வேலை செய்தவரின் பாட்டனும் உழைத்திருக்கிறார். அந்தப் பேச்சில் அவருக்கு இடம் எங்கே என்று நான் தேடுவேன்.

தனி மனிதன் என்று ஒருவன் தனியாக இருக்கிறானா என்ன? நாம் எல்லோரும் உறவில்தானே பிறக்கிறோம்?

தனி மனிதரைவிடச் சமூகத்தை முன்னால் வைத்து 1980களில் எழுதிய சமூகவாதிகளின் கேள்வி இதுதான். 1981இல் அலஸ்டேர் மக்கின்டயர், 1982இல் சாண்டெல், 1983இல் மைக்கேல் வால்சர், அப்புறம் சார்ல்ஸ் டெய்லர். இந்தப் பெயரை மக்கின்டயர் தனக்கு ஏற்றுக்கொள்ளவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ரால்ஸின் திரைக்குப் பின்னால் இருப்பவர் எந்தச் சுமையும் இல்லாதவர். ஊரில்லை, தாயில்லை, கடனில்லை. அப்படி ஒருவரால் எதையும் தேர்ந்தெடுக்கவே முடியாது, ஏனென்றால் தேர்ந்தெடுக்கக் காரணம் தருவதே அந்தச் சுமைகள்தான் என்றார் சாண்டெல். நான் இன்னாரின் மகன், இந்த ஊர்க்காரன், இந்தத் தொழிலில் வந்தவன் என்பதிலிருந்துதான் என் கதை தொடங்குகிறது என்றார் மக்கின்டயர். மனித உரிமைகளை நம்புவது சூனியக்காரிகளை நம்புவது மாதிரி என்றுகூட அவர் எழுதினார்.

தமிழர்களுக்கு இது பார்த்ததும் பிடித்துப்போகும். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவரிடம் நாம் கேட்பதே “எந்த ஊரு? யாரு வீட்டுப் பையன்?” என்றுதான். அதில் ஒரு வாஞ்சை இருக்கிறது. ஊர் பெயர் சொன்னதும் நம்ம பையன் என்று சாப்பிடக் கூப்பிடுகிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அந்தக் கேள்விக்குள் இன்னொரு கேள்வி ஒளிந்திருப்பது நம் எல்லோருக்கும் தெரியும். ஊரில் எந்தப் பக்கம், எந்தத் தெரு என்று நகர்ந்து நகர்ந்து அது சாதியில் போய் நிற்கும். எங்கள் வட்டத்துக்கு வந்த ஒரு மாணவர் அந்தக் கேள்விக்கு ஒவ்வொரு முறையும் வேறு ஊர் பெயர் சொல்வாராம். தன் கதை எங்கிருந்து தொடங்குகிறது என்று மக்கின்டயர் கேட்டால் அவர் என்ன சொல்வார்?

அம்பேத்கர் இதற்கு முப்பது ஆண்டு முன்னாலேயே பதில் சொல்லிவிட்டார். 1948 நவம்பர் 4 அன்று வரைவு அரசமைப்பை முன்வைத்துப் பேசியபோது, கிராமத்தை அலகாக வைக்கவில்லையே என்று குறைபட்டவர்களுக்குக் கிராமம் என்பது குறுகிய மனமும் அறியாமையும் குடியிருக்கும் குட்டை என்றார். கிராமத்தை விட்டுவிட்டுத் தனி மனிதரை அலகாக எடுத்துக்கொண்டதில் தனக்கு மகிழ்ச்சி என்றார். ஊரின் விளிம்பில் வைக்கப்பட்டவர் பேச்சு அது. இதைப் படிக்காமல் சமூகவாதிகளைப் படிப்பது நம் ஊரில் ஆபத்து என்பேன்.

அப்படியானால் அம்பேத்கர் தாராளவாதியா?

பாதி தூரம் தாராளவாதிகளோடு நடந்தவர், மீதியை அவர்களிடம் கேட்டு வாங்கியவர். 1947இல் எழுதிய ‘மாநிலங்களும் சிறுபான்மையினரும்’ என்ற அறிக்கையில் அவர் கேட்பது: அரசு ஒதுங்கிக்கொண்டால் சுதந்திரம் என்கிறீர்களே, யாருக்குச் சுதந்திரம்? நிலக்கிழார் குத்தகையை ஏற்றவும் முதலாளி கூலியைக் குறைக்கவும்தானே அது? வேலை இல்லாதவரிடம் அடிப்படை உரிமைகளையும் ஒரு வேலையையும் நீட்டினால் அவர் எதை எடுப்பார்? 1949 நவம்பர் 25 அன்று, அரசியலில் சமத்துவமும் வாழ்க்கையில் ஏற்றத்தாழ்வுமாக முரண்பாட்டுக்குள் நுழையப் போகிறோம் என்று எச்சரித்தார். சகோதரத்துவம் இல்லாமல் சுதந்திரமும் சமத்துவமும் நிற்காது என்றார். அது சட்டம் போட்டு வருவதில்லை.

இடஒதுக்கீடு தனி மனித உரிமைக்கு எதிரானது இல்லையா?

1951இல் சம்பகம் துரைராஜன் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஆமாம் என்றது. நீதிக்கட்சி ஆட்சி 1921இல் தொடங்கி வைத்த வகுப்புவாரி உத்தரவுகளின் வழியில் வந்த கல்லூரி இடங்களின் பங்கீடு அதில் அடிபட்டது. சென்னை மாநிலம் கொதித்தது, அந்த ஆண்டே அரசமைப்பின் முதல் திருத்தம் வந்து, இடஒதுக்கீட்டுக்கு இடம் தரும் 15(4) பிரிவு சேர்ந்தது.

தாராளவாதிகளுக்குள்ளேயே இதற்குப் பதில் சொன்னவர் ரொனால்ட் ட்வோர்கின். இரண்டு பிள்ளைகளுக்கும் ஒரே நோய், ஒருத்தி சாகக் கிடக்கிறாள், மற்றவளுக்கு உடம்பு கொஞ்சம் முடியவில்லை. ஒரே வேளை மருந்துதான் இருக்கிறது. சமம் என்று சொல்லிக் காசு சுண்டிப் பார்ப்பீர்களா? ஆளுக்கு ஒரே அளவு கொடுப்பது வேறு, இருவரையும் ஒரே மதிப்பில் வைப்பது வேறு. உரிமை என்பது இரண்டாவது. இந்த வாதத்துக்கு நல்ல எதிர்வாதம் ஒன்றை இன்னும் நான் படிக்கவில்லை.

பெண்ணியர்கள் தாராளவாதத்தில் என்ன குறை கண்டார்கள்?

கரோல் பேட்மன் 1988இல், சமூக ஒப்பந்தத்துக்கு முன்னால் சொல்லப்படாத ஓர் ஒப்பந்தம் இருந்தது, அதில் பெண்கள் ஆண்களின் கைக்குள் வைக்கப்பட்டார்கள் என்றார். சூசன் மோலர் ஓகின் 1989இல் ரால்ஸை எடுத்துக்கொண்டார். திரைக்குப் பின்னால் உட்காருகிறவர்களைக் குடும்பத் தலைவர்களாக வைத்துக்கொள்ளலாம் என்று ரால்ஸ் எழுதியிருந்தார். அந்த ஒரு வார்த்தையோடு வீட்டுக்குள் நடக்கும் நீதி கணக்கிலிருந்து விழுந்துவிட்டது.

அப்பாவின் தறிக்குப் பக்கத்தில் அம்மா ராட்டையோடு உட்கார்ந்திருப்பார். இடது கையில் பட்டு நூலை விரலிடுக்கில் பிடித்து, வலது கையால் சக்கரத்தைச் சுற்றுவார். தறியில் குறுக்கே ஓடும் நாடாவுக்குள் வைக்கும் நூல் குழலான தார் அப்படித்தான் நிரம்பும். நூல் ஓடி ஓடி அந்த விரலில் கோடு விழுந்திருக்கும். தார் தீர்ந்தால் தறி நிற்கும். ஒரு சேலைக்கு எத்தனை தார் என்று அம்மாவுக்குத் தெரியும், யாரும் எழுதி வைத்ததில்லை. கூலி அப்பா பேரில். சொசைட்டி பாஸ்புக் அப்பா பேரில். முதலாளி முகத்தை அப்பா பார்த்தார் என்று மேலே எழுதினேன் அல்லவா? அப்பா முகத்தை அம்மா பார்த்தார். அப்பாவும் நல்லவர்தான்.

ஓகின் இங்கே சொல்வது முக்கியமானது. ஓர் உறவை விட்டு வெளியே போனால் யாருக்கு அதிகம் நஷ்டமோ, அவருக்கு உள்ளே குரல் குறைவு. வெளியேறும் உரிமை சட்டப் புத்தகத்தில் இருந்தால் போதாது, கையில் பஸ் காசு வேண்டும், போய் இறங்க ஓர் இடம் வேண்டும். சமூகவாதிகளை வாசிக்கும்போது, போக விரும்புகிறவரை விடுவீர்களா என்று கேட்கிறேன். தாராளவாதிகளை வாசிக்கும்போது, போக வழி வைத்திருக்கிறீர்களா என்று கேட்கிறேன். சுயமரியாதைத் திருமணங்களைச் செல்லும் என்று ஆக்கிய 1967ஆம் ஆண்டுச் சட்டம் ஐயரும் இல்லாமல், குலத்தின் ஒப்புதலும் இல்லாமல் இருவர் சேர வழி திறந்தது. அப்படிச் சேர்ந்தவர்கள் அன்றிரவு எங்கே தங்குவார்கள் என்பது இன்றைக்கும் இந்த மாவட்டத்தில் சாதாரணக் கேள்வி இல்லை.

மலைவாழ் மக்களுக்குத் தனி உரிமைகள் கொடுப்பது எல்லோரும் சமம் என்பதோடு பொருந்துமா?

பொருந்தும் என்று 1995இல் எழுதியவர் கனடாவின் வில் கிம்லிக்கா. ஒரு சிறு சமூகத்தை வெளியாட்களின் பலத்திலிருந்து காக்கும் உரிமை ஒன்று. தன் உறுப்பினர்களையே அடக்க அந்தச் சமூகம் கேட்கும் உரிமை மற்றொன்று. முதலாவதைக் கொடு, இரண்டாவதைக் கொடுக்காதே என்றார்.

ஏற்காட்டில் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு உண்டு. அங்கே பழங்குடியினருக்கு மலையாளிகள் என்று பெயர். கேரளத்தவர் அல்லர், தமிழ் பேசும் மலைமக்கள். 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின்படி கிடைக்கும் நில உரிமை பிள்ளைகளுக்குப் போகும், ஆனால் விற்க முடியாது. கீழிருந்து பணத்தோடு வருகிறவரிடமிருந்து அது காக்கிறது. அதே பிரிவில், திருமணமானவர்களென்றால் கணவன் மனைவி இருவர் பெயரிலும் பதிய வேண்டும் என்றும் இருக்கிறது. வெளியாளிடமிருந்து சமூகத்துக்குக் காப்பு, சமூகத்துக்குள் பெண்ணுக்குக் காப்பு, இரண்டும் ஒரே பிரிவில். விற்கும் உரிமையை எடுப்பது தனி மனிதரைக் குழந்தையாக நடத்துவது என்று எங்கள் வக்கீல் சொல்வார். மலையில் கைமாறிப்போன நிலங்களைப் பார்த்தவர்கள் அவரோடு உடன்பட மாட்டார்கள். நானும்தான்.

மார்க்ஸைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையே?

அவர் தனிப் பக்கம் கேட்பவர். ஒன்று மட்டும்: 1844இல் வந்த யூதர் பிரச்சினை பற்றிய கட்டுரையில், இந்த உரிமைகள் மனிதர்களைப் பிரித்து வேலி போடும் உரிமைகள் என்கிறார். அக்கம்பக்கத்தாரை எல்லையாக மட்டும் பார்க்க வைக்கின்றன என்கிறார். படித்துப் பாருங்கள், சின்னக் கட்டுரை.

உங்கள் வட்டத்தில் தீராமல் நிற்கும் கேள்வி எது?

ஏற்காட்டிலிருந்து வரும் பெண் கேட்டது. மலையில் ஒரு சிற்றூரில் பிறந்து, படித்து, சேலத்தில் வேலைக்கு வந்துவிட்டவர். “நான் வெளிய வந்துட்டேன். நீங்க சொல்ற கதவு எனக்குத் திறந்துச்சு. பாட்டி படுத்த படுக்கையா இருக்காங்க. எல்லாரும் வெளிய வந்துட்டா அவங்களுக்குத் தண்ணி யாரு குடுப்பாங்க?” என்று கேட்டார்.

அன்றைக்கு யாரிடமும் பதில் இல்லை. அடுத்த மாதம் ஈவா ஃபெடர் கிட்டே என்ற தத்துவ அறிஞர் 1999இல் எழுதிய நூலின் பகுதிகளை எடுத்துக்கொண்டோம். அறிவுத்திறன் வளர்ச்சி கடுமையாகப் பாதிக்கப்பட்ட மகளை வளர்த்த தாய் அவர். ரால்ஸின் குடிமக்கள் எல்லோரும் வாழ்நாள் முழுதும் உழைத்து ஒத்துழைக்கக் கூடியவர்கள், படுத்திருப்பவரும் அவரைப் பார்த்துக்கொள்பவரும் அந்தக் கணக்கில் வருவதில்லை என்கிறார். பிரசவித்தவளைப் பார்த்துக்கொள்ள ஒருத்தி இருப்பது போல, பிறரைப் பார்த்துக்கொள்கிறவரைச் சமூகம் பார்த்துக்கொள்ள வேண்டும், அதுவும் நீதியின் பகுதி என்கிறார். பார்த்துக்கொள்கிறவருக்கு அரசு மாதம் ஒரு தொகை கொடுத்தால் என்ன என்று தபால் ஆபீஸ்காரர் கேட்டார்.

அந்தப் பெண் கொஞ்ச நேரம் யோசித்தார். “குடுத்தா எங்கம்மா எஸ்டேட் வேலையை விட்டுட்டு வீட்ல உக்காருவாங்க. நல்லதுதான். ஆனா அப்பவும் அம்மாதான் உக்காருவாங்க, அப்பா இல்லை” என்றார். ஓகினை மறுபடி முதல் அத்தியாயத்திலிருந்து எடுப்பது என்று முடிவு செய்திருக்கிறோம்.